அணையின் சரித்திரமும் அதில் எழுதப்படாத ஏடுகளும்

வைகையில் ஓடுகின்ற நீர் யாவும் வைகையின் நீர் அன்று என்று கூறினால் நேயர்களிற் சிலர் வியப்படையக்கூடும். மேற்கு மலையிற் பிறந்து, மேற்கு நோக்கி ஓடி, அரபிக் கடலிற் கலக்கவேண்டிய பெரியாற்றின் நீரில் ஒரு பகுதி, மலையைக் குடைந்த ஒரு சுரங்கத்தின் வழியாகக் கிழக்கே திரும்புகிறது. வைரவனாறு, சுருளியாறு என்னும் சிற்றாறுகளில் இறங்கி, வைகையோடு சேர்ந்து, மதுரைச் சமவெளியின் வயல்களை நனைக்கிறது. சென்னைக் கவர்னராயிருந்த வென்லாக் பிரபு 1895-ஆம் வருஷம் அக்டோபர் மாதம் 10-ந் தேதி திறந்துவைத்த முல்லைப் பெரியாறு அணையினால் நேர்ந்த மாறுதல் இது. வைகையின் வடகரையிலுள்ள வண்டியூரில் வசிக்கும் நாம், நாளும் கண்ணெதிரே காணும் நீரின் பூர்வோத்தரத்தைச் சற்று விசாரித்து அறிவது பொருத்தமேயாகும்.

இவ்விசாரணைக்கு ஆதாரமாக ஒரு நூல் உண்டு. அணை வேலையில் நேராக ஈடுபட்டிருந்த ஏ. டி. மக்கென்சி என்னும் இஞ்சினீயர், பெரியாறு திட்டத்தின் சரித்திரத்தை ஆங்கிலத்தில் எழுதினார். அது 1899-ல் சென்னையில் வெளிவந்தது. கட்டியவர்களில் ஒருவரே கட்டிய கதையையும் எழுதுவது அபூர்வம். கரிகாலன் கல்லணையைக் கட்டினான் என்று நாம் இரண்டாயிரம் வருஷமாகப் பெருமை பேசுகிறோம். ஆனால் கல் சுமந்தவர் எத்தனை பேர், அவர்களுக்குக் கூலி என்ன, எத்தனை தடவை வெள்ளம் வந்து அடித்துக்கொண்டு போயிற்று என்று சொல்ல ஓர் ஓலை நறுக்கும் நம்மிடம் இல்லை. பெரியாற்றைப் பற்றி அந்தக் குறை இல்லை. மக்கென்சி துரையின் நூல் கணக்குப் புத்தகத்தின் கண்டிப்போடு எழுதப்பட்டது. வெற்றியை மட்டும் பாடாமல், ஆறு தங்களைத் தோற்கடித்த கதையையும் அவர் மறைக்காமற் சொல்லியிருப்பது அதன் தனிச் சிறப்பு.

ஆனால் இஞ்சினீயர் எழுதும் சரித்திரம் அணைக்கட்டு முடிந்தவுடன் முடிந்துவிடுகிறது. ஜனங்களின் சரித்திரமோ அங்கேதான் ஆரம்பமாகிறது.

முதலில் அணையின் பூர்வகதை. இந்த யோசனை வெள்ளைக்காரர் மூளையில் உதித்தது என்று நினைப்போர் பலர். உண்மை அப்படியன்று. 1789-ஆம் வருஷத்திலேயே, இராமநாதபுரம் சேதுபதியின் பிரதானியாயிருந்த முத்திருளப்ப பிள்ளை, பெரியாற்று நீரைக் கிழக்கே திருப்ப இயலுமா என்று பார்த்துவர விவேகமுள்ள பன்னிரண்டு பேரை மலைக்கு அனுப்பினார். இயலும் என்று அவர்கள் வந்து சொன்னார்கள். பணந்தான் இல்லை. பிறகு 1808-ல் ஜேம்ஸ் கால்டுவெல் என்னும் அதிகாரி மலையைச் சோதித்துவிட்டு, இது வெறும் ஆகாயக் கோட்டை, இனி இதைப் பற்றி நினைக்கவே வேண்டாம் என்ற கருத்துப்பட அறிக்கை கொடுத்தார். பிரதானி அனுப்பிய பன்னிரண்டு பேரின் கண் சரியாகப் பார்த்திருக்கிறது. கும்பெனியின் அளவுகோல் தவறாக அளந்திருக்கிறது. 1850-ல் ஒரு சிறு அணைக்கு வேலை தொடங்கி, காய்ச்சலுக்கு அஞ்சிய கூலியாட்கள் அதிகக் கூலி கேட்டதன்மேல் கைவிட்டார்கள். அறுபதுகளில் ரைவ்ஸ் என்பவர் மண்ணணை ஒன்றுக்குத் திட்டம் வகுத்தார். அதுவும் காகிதத்தோடு நின்றது.

அதன் பிறகு வந்தது தாது வருஷப் பஞ்சம். 1876 முதல் 1878 வரை தென்னாட்டைச் சூறையாடிய அந்தப் பஞ்சத்தின் கதையைப் பாட்டிமார் வாயால் கேட்ட குடும்பங்கள் மதுரைப் பக்கத்தில் ஏராளம். பஞ்சம் தீர்ந்த பிறகே நீர்ப்பாசன வேலைகளுக்குப் பணம் ஒதுக்கவேண்டும் என்ற புத்தி சர்க்காருக்குத் தீவிரமாக உண்டாயிற்று. 1882-ல் ஜான் பென்னிகுயிக் வகுத்த கல்லணைத் திட்டம் அங்கீகாரம் பெற்றது. 1886-ஆம் வருஷம் அக்டோபர் மாதம் 29-ந் தேதி திருவிதாங்கூர் மகாராஜாவுக்கும் இந்தியா மந்திரிக்கும் இடையே குத்தகைப் பத்திரம் எழுதப்பட்டது. 8,000 ஏக்கர் நிலம். ஏக்கருக்கு ஐந்து ரூபாய் வீதம் வருஷத்துக்கு 40,000 ரூபாய். குத்தகைக் காலம் 999 வருஷம்! சாம்ராஜ்யத்துக்கும் ஒரு சமஸ்தானத்துக்கும் இடையில் நடக்கும் பேரத்தில் யார் கை ஓங்கியிருக்கும் என்பதை நாம் எடுத்துச் சொல்ல வேண்டியதில்லை.

1887-ல் வேலை ஆரம்பமாயிற்று. அம்மையநாயக்கனூர் ரயில் நிலையத்தில் இறக்கிய சாமான்களை மாட்டு வண்டிகளில் கம்பம் பள்ளத்தாக்கு வழியாக மலையடிவாரம் சேர்த்து, அங்கிருந்து மேலே ஏற்றவேண்டும். மேலே வழியில்லாத காடு, யானைகள், அட்டைகள். ஆற்றைத் தற்காலிக வரப்புக்களால் மறித்துக்கொண்டுதான் அஸ்திவாரம் போட இயலும். அந்த வரப்புக்களையோ மழைக்கால வெள்ளம் திரும்பத் திரும்ப வாரிக்கொண்டு போயிற்று. சென்னைப் பயனியர் பட்டாளத்தார் வந்து உழைத்தார்கள். கொச்சியிலிருந்து போர்த்துக்கேய வமிசத் தச்சர்கள் வந்தார்கள். இவர்களோடு சமவெளியிலிருந்து சென்ற ஆயிரக்கணக்கான தமிழ்க் கூலியாட்கள். சுண்ணாம்பும், சுட்ட செங்கற்பொடியாகிய சுர்க்கியும், கல்லுமாகச் சேர்ந்து, ஏறத்தாழ 1,200 அடி நீளத்தில், ஆற்றுப் படுகையிலிருந்து 155 அடி உயரத்துக்கு அணை எழும்பிற்று. மலையின் வயிற்றில் ஒரு மைலுக்குச் சற்று அதிக நீளமாகச் சுரங்கமும் வெட்டினார்கள்.

மலைக் காய்ச்சல்தான் பெரும் சத்துரு. காய்ச்சல் மிகுந்த மாதங்களில் வேலையை நிறுத்திவிட்டுக் கீழே இறங்கவேண்டியிருந்தது. அந்தக் காய்ச்சலைக் கொசு பரப்புகிறது என்பதை ரொனால்டு ராஸ் செகந்தராபாத்தில் கண்டுபிடித்தது 1897-ல். அணை திறந்து இரண்டு வருஷம் ஆனபின்! ஆகையால், தம்மைக் கொல்வது இன்னதென்று அறியாமலே அவர்கள் மாண்டார்கள். வேலைத் தலத்தில் நோயினால் இறந்தவர் 483 பேர் என்று பதிவு இருக்கிறது. அவர்களைப் புதைத்த இடம் அணைக்கு வடக்கே உள்ளது. நோயோடு மலையிறங்கிச் சொந்த ஊர் சேர்ந்து, அங்கே கண் மூடியவர்கள் அந்த எண்ணிக்கையில் அடங்குவார்களா? அணைக்குச் செலவான சுண்ணாம்பின் அளவைப் படி பிசகாமல் குறித்துவைத்த சரித்திரம் இந்தக் கேள்வியைக் கேட்கவில்லை. கேட்காததற்காக மக்கென்சி ஒருவரையே குறை சொல்வதும் நியாயமன்று. அந்தக் காலத்து மராமத்து இலாகாவின் பார்வையில் கூலியாட்கள் செலவுக் கணக்கில் ஓர் இனம், அவ்வளவுதான்.

இங்கே ஒரு விஷயத்தைப் பிரஸ்தாபிக்காமல் மேலே செல்ல மனம் வரவில்லை. நம் வகுப்பில் பிள்ளைகளை நோக்கி, "பெரியாறு அணை எப்படிக் கட்டப்பட்டது?" என்று கேட்டால், பத்தில் எட்டுப் பேர் ஒரே விடையைச் சொல்கிறார்கள்: "பென்னிகுயிக் துரை இங்கிலாந்தில் இருந்த சொத்தையெல்லாம் விற்று, சம்சாரத்தின் நகையையும் விற்றுக் கட்டினார், சார்!" கம்பம் பள்ளத்தாக்கில் இது வேதவாக்கு. அவர் பிறந்த ஜனவரி 15-ந் தேதியன்று அங்கே பொங்கலிடுகிறார்கள். குழந்தைகளுக்கு அவர் பெயரை வைக்கிறார்கள். 2013-ல் லோயர் கேம்ப்பில் மணிமண்டபமும் எழும்பிவிட்டது. அணைக்கு மதிப்பீடு போட்டதும், மஞ்சூர் செய்ததும், பணம் கொடுத்ததும் சென்னை சர்க்கார் என்பதே ஏடுகள் கூறும் செய்தி. அந்தப் பணமும் தீர்வையாக ரயத்திடம் வாங்கிய பணமே என்பதையும் மறக்கலாகாது. ஆயினும் இக்கதையைப் பொய்யென்று ஒதுக்கிவிட நாம் துணியவில்லை. கோதாவரி டெல்டாவில் ஆர்தர் காட்டனுக்கும் இதே பக்தி செலுத்தப்படுகிறது. 1852-ல் தவளேஸ்வரம் அணை முடிந்ததிலிருந்து அங்கே அவர் ஒரு ரிஷி. தண்ணீர் கண்ட குடியானவன் நன்றி செலுத்த ஒரு முகத்தைத் தேடுகிறான். இலாகாவுக்கு முகம் ஏது? வருந்தத்தக்கது யாதெனில், அந்த நன்றியில் பிரதானி முத்திருளப்ப பிள்ளைக்கும் அந்த 483 பேருக்கும் ஓர் இணுக்குக்கூடக் கிடைக்காமற்போனதுதான்.

இனிச் சமவெளிக்கு வருவோம். வைகையின் குறுக்கே பேரணையில் மறித்த நீர், பெரியாற்றுப் பிரதானக் கால்வாயில் திரும்பி, நிலக்கோட்டை, மதுரை, மேலூர்ப் பக்கங்களுக்குப் போகிறது. பேரணையிலிருந்து கள்ளந்திரி வரையில் ஏறத்தாழ 45,000 ஏக்கருக்கு இருபோகம். கள்ளந்திரிக்குக் கீழே மேலூர் வரையில் 85,000 ஏக்கர் அளவுக்கு ஒருபோகம். இந்த இரண்டு வார்த்தைகளுக்குள் எத்தனை குடும்பங்களின் தலையெழுத்து அடங்கியிருக்கிறது! தலைமடைக்காரன் வருஷத்தில் இருமுறை அறுக்கிறான். கடைமடைக்காரன் ஒருமுறை அறுப்பதற்கே வானத்தையும் மதகையும் மாறி மாறிப் பார்க்கிறான். கலியாணம் பேசும்போது பெண் வீட்டார் முதலில் கேட்ட கேள்வி, "நிலம் எத்தனை குழி?" என்பதன்று, "எந்த மடைப் பாய்ச்சல்?" என்பதே. புஞ்சை நஞ்சையாயிற்று, நிலத்தின் விலை ஏறிற்று, தீர்வையும் கூடவே ஏறிற்று. நிலம் உடையவன் உயர்ந்தான். நடவுக்கும் அறுப்புக்கும் வந்த சேரி ஜனங்களுக்கு வேலை நாட்கள் பெருகின; ஆனால் ஒரு காணி நிலம் அவர்கள் கைக்கு வந்ததா என்றால், வரவில்லை. தண்ணீர் பள்ளத்தை நோக்கித்தான் பாயும் என்பார்கள். அதனால் விளைந்த செல்வம் அப்படிப் பாயவில்லை.

கள்ளர் சமூகத்தின் கதை இன்னும் கடினமானது. மேலூர்ப் பக்கத்துக் கள்ளர்களின் நிலங்களுக்குப் பெரியாற்று நீர் கிடைத்தது. மேற்கே திருமங்கலம், உசிலம்பட்டிப் பக்கத்துப் பிரமலைக் கள்ளர் நாடு மேடாயிருந்தபடியால் அங்கே கால்வாய் ஏறவில்லை. தண்ணீர் வந்ததும் மேலூர்க் கள்ளர் திருந்திவிட்டனர் என்று வெள்ளைக்கார அதிகாரிகள் பெருமிதத்துடன் பேசினர். ஒரு சமூகம் முழுவதையும் முதலில் குற்றவாளி என்று எழுதிவைத்துக்கொண்டு, பிறகு வாய்க்காலினால் அதைத் திருத்தியதாக மார்தட்டிக்கொள்வது என்ன நியாயமோ, நமக்கு விளங்கவில்லை. நீர் எட்டாத மேற்கு நாட்டுக்கோ வேறு மருந்து வந்தது. 1914 முதல் குற்றப் பரம்பரைச் சட்டம் அங்கே ஊர் ஊராக அமலாயிற்று. இரவில் போலீஸ் ஸ்டேஷனில் படுத்திருக்கவேண்டும், கைரேகை வைக்கவேண்டும் என்ற நிர்ப்பந்தங்கள். இதை எதிர்த்த பெருங்காமநல்லூர் ஜனங்கள்மீது 1920-ஆம் வருஷம் ஏப்ரல் மாதம் 3-ந் தேதி துப்பாக்கிப் பிரயோகம் நடந்தது. பதினாறு பேர் உயிர் துறந்தனர். அவர்களில் மாயக்காள் என்னும் பெண்மணியும் ஒருவர். சென்னை மாகாணத்தில் 1947-ல்தான் அந்தச் சட்டம் ஒழிந்தது. கால்வாய் போகாததுதான் இதற்குக் காரணம் என்று சொல்வது மிகையாகும். சாதி பற்றி ஆட்சியாளர் கொண்டிருந்த துவேஷமும், ஊர்க்காவல் முறையை ஒழிக்க அவர்கள் கொண்ட தீர்மானமும் இதில் கலந்திருந்தன. ஆயினும் ஈரமுள்ள நாட்டுக்கு ஒரு நீதியும் வறண்ட நாட்டுக்கு ஒரு நீதியும் நடந்தன என்பதை மறுக்க இயலாது. ஆனந்த் பாண்டியன் என்னும் மானிடவியலாளர் கம்பம் பள்ளத்தாக்கில் தங்கியிருந்து கள்ளர் சமூகத்தைப் பற்றி 2009-ல் வெளியிட்ட ஆங்கில நூல், இவ்வகை விஷயங்களை விவரமாக ஆராய்கிறது. மக்கென்சி நிறுத்திய இடத்துக்கு அப்பால் எழுதவேண்டியது இவ்விதமான சரித்திரமே.

பெரிய நீர்ப்பாசன வேலைகள் கொடுங்கோலரசை வளர்க்கும் என்று விட்ஃபோகல் என்ற ஜெர்மானிய அறிஞர் 1957-ல் ஒரு சித்தாந்தம் வெளியிட்டார். கீழ்நாட்டு அரசர்கள் எல்லாம் ஆற்றைப் பிடித்ததனால் ஆளைப் பிடித்தவர்கள் என்பது அவர் கட்சி. நம் கண்மாய்களை அவர் வந்து பார்த்திருந்தால் என்ன சொல்லியிருப்பாரோ! மதுரை, இராமநாதபுரம் சீமைகளில் கண்மாய் ஊராரின் சொத்தைப்போல் இருந்தது. நீர்க்கட்டி மடையைத் திறந்தான், முறைப்படி பாய்ச்சினான், களத்தில் அவனுக்குரிய நெல்லை அளந்தார்கள். கோடையில் வீட்டுக்கு ஓர் ஆள் மண்வெட்டியோடு வந்து வண்டல் எடுத்தான், அதுவே குடிமராமத்து. இந்தப் பழக்கத்தை வெள்ளைக்கார சர்க்கார் 1858-ல் கட்டாய உழைப்புச் சட்டமாக்கியது. ஊராரின் தர்மம் சட்டமானவுடன் அதன் உயிர் போயிற்று. பெரியாற்றுக் கால்வாய் வந்த பிறகு, மதகின் சாவி நீர்க்கட்டியின் இடுப்பிலிருந்து இலாகா லஸ்கரின் கைக்கு மாறிற்று. தண்ணீருக்காக ஊர்க்கூட்டம் கூடிய இடத்தில், மனு எழுதும் வழக்கம் வந்தது. ஒழுங்கும் வந்தது என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும்; வலுத்தவன் இராத்திரியில் மடை உடைக்கும் அநியாயம் ஓரளவு குறைந்திருக்கும். ஆனால் தன் கண்மாயைத் தான் காக்கவேண்டும் என்ற எண்ணம் நம்மவர்க்குத் தளர்ந்துபோனதற்கும் இதுவே ஒரு வித்து.

மலைக்கு அப்பால் இருப்பவர்களையும் நினைக்கவேண்டும். 1941-ல், குத்தகை நீர்ப்பாசனத்துக்கு மாத்திரமே, மின்சாரத்துக்கு அன்று என்று நடுவர் தீர்ப்புத் திருவிதாங்கூருக்குச் சாதகமாயிற்று. பின்னர் 1970-ல் செய்த உடன்பாட்டில் குத்தகை ஏக்கருக்கு முப்பது ரூபாயாக உயர்ந்தது; மின்சாரத்துக்கும் வழி பிறந்தது. 1979-ல் அணையின் பலத்தைப் பற்றி அச்சம் எழுந்து நீர்மட்டத்தை 136 அடிக்குக் குறைத்தார்கள். அணையைப் பலப்படுத்தும் வேலைகள் நடந்தன. 2014-ல் சுப்ரீம் கோர்ட்டு 142 அடி வரையில் தேக்கலாம் என்று தீர்ப்பளித்தது. ஆறு அடிக்கு இத்தனை சண்டையா என்று கேட்பவர்கள் ஒன்றை அறியவேண்டும்: 104 அடிக்குக் கீழேயுள்ள நீரைச் சுரங்கத்தில் திருப்ப இயலாது. அதற்கு மேலே நிற்பது மட்டுமே நமக்கு உதவும். அதனால் நமக்கு ஒவ்வோர் அடியும் நெல். அணைக்குக் கீழே குடியிருக்கும் மலையாள சகோதரர்களுக்கோ ஒவ்வோர் அடியும் இரவில் தூக்கத்தைக் கெடுக்கும் பயம். அந்தப் பயத்தைப் பரிகசிப்பது நமக்கு அழகன்று. அணையின் பலத்தைப் பற்றிய விவாதம் இஞ்சினீயர்களுக்கு உரியது. நூற்றாண்டு கடந்த சுவரின் கீழே குழந்தைகளைத் தூங்கவைக்கும் தாயின் மனமும் சரித்திரத்தில் இடம் பெறவேண்டியதே. அணையினால் உண்டான தேக்கடி ஏரியைச் சுற்றி, காடும் யானையும் புலியும் பாதுகாக்கப்பட்டு, உலகத்தார் வந்து பார்க்கும் சரணாலயமாகி நிற்பது ஒருவரும் எதிர்பாராத பலன்.

எல்லாவற்றிலும் விசித்திரம் இராமநாதபுரத்தின் கதை. யோசனை அந்தச் சீமையில் பிறந்தது. மலைக்கு ஆள் அனுப்பியது அந்தச் சமஸ்தானம். ஆனால் வந்த பெரியாற்று நீர் மதுரை ஜில்லாவின் கால்வாயிலேயே ஏறக்குறையச் செலவாகிவிட்டது. வைகையின் கடைசியில் இருக்கும் இராமநாதபுரம் பெரிய கண்மாய், முன்போலவே வைகை வெள்ளத்தின் கருணையை எதிர்பார்த்துக் கிடந்தது. 1959-ல் ஆண்டிபட்டிக்கு அருகே வைகை அணை முடிந்தபின், பெரியாற்று நீரையும் வைகை நீரையும் கணக்குப் பிரித்து, கீழ்நாட்டுக்கு உரிய பங்கை விடுகிறார்கள். உசிலம்பட்டி மேட்டுக்கு நீர் கொண்டுபோகும் 58 கிராமக் கால்வாயில் வெள்ளோட்டம் பார்த்ததோ 2018-ல்தான். பிரதானியின் ஆட்கள் மலையேறி அதற்குள் இருநூறு வருஷத்துக்கு மேலாகிவிட்டது.

நமது வண்டியூர் விஷயத்தையும் சொல்லி முடிக்கலாம். திருமலை நாயக்கர் 1645-ல் அமைத்த தெப்பக்குளம் ஆற்றுக்குத் தென்கரையில் இருந்தாலும் அதை வண்டியூர்த் தெப்பக்குளம் என்றே உலகம் அழைக்கிறது. வைகை நீரை வாய்க்கால் வழியாக அதற்குக் கொண்டுவந்த நாயக்கர் காலத்துத் தச்சர்களின் சாமர்த்தியம் தனியாக ஒரு கட்டுரைக்கு உரியது. வடகரையில் கண்மாயும் அதன் ஆயக்கட்டு வயல்களுமாக ஒரு காலத்தில் வண்டியூர் இருந்தது. சித்திரைத் திருவிழாவில் அழகர் எழுந்தருளும்போது வழிநெடுகப் பசுமையாயிருந்தது என்று முதியோர் சொல்வர். இப்போது அழகர் ஆற்றில் இறங்குவதற்கே வைகை அணையிலிருந்து தண்ணீர் திறந்துவிட வேண்டியிருக்கிறது. ஊர் மாநகராட்சிக்குள் அடங்கிவிட்டது. கண்மாய் இருக்கிறது, ஆனால் அது பாய்ச்ச வேண்டிய வயல்களில் பெரும்பாலும் தெருக்களும் வீடுகளும் நிற்கின்றன. மழைக்காலத்தில் நீர் தன் பழைய வழியைத் தேடி அந்தத் தெருக்களுக்குள் வரும்போது, வீட்டுக்காரர்கள் சர்க்காரைத் திட்டுகிறார்கள். அலமாரியில் வைத்திருக்கும் கிரயப் பத்திரத்தை எடுத்துப் பார்த்தால், அவர்களிற் பலருடைய மனை இன்னும் 'நஞ்சை' என்றே எழுதப்பட்டிருக்கும்.